மாப்பிள்ளை கையில் ஒரு விளக்குமாறு

சில மாதங்களுக்கு முன் ஒரு சனிக்கிழமை காலை. டவுனில், என் வீட்டில், பேப்பரும் கையுமாக உட்கார்ந்திருக்கிறேன். ஃபோன் அடித்தது. என் தங்கை புஷ்பாவின் புருஷன் லோகநாதன். குரல் கம்மிப் போயிருந்தது.

“மச்சான், யாராவது எனக்கு ஒரு வெளக்கமாறு குடுக்கச் சொல்லுங்க. இல்லாட்டி நான் ஜெயிலுக்குத்தான் போகணும்.”

உங்களில் யாருக்காவது இப்படி ஒரு ஃபோன் வந்திருக்கிறதா? ஜெயிலுக்குப் போகாமல் இருக்க வக்கீல் கேட்பார்கள். பிணை நிற்க ஆள் கேட்பார்கள். தெரிந்த அரசியல்வாதியின் நம்பர் கேட்பார்கள். விளக்குமாறு கேட்ட முதல் ஆள் எங்கள் மாப்பிள்ளையாகத்தான் இருக்க வேண்டும்.

கதையை முதலில் இருந்தே சொல்லிவிடுகிறேன். கொஞ்சம் வெட்கக்கேடான கதைதான்... ஆனால் இந்தப் பக்கத்தில் என் வீட்டுக் கதையை நான் எந்த வாரம் மறைத்திருக்கிறேன்?

லோகு மாத்தளை டவுனில் ஒரு ஹார்ட்வெயார் கடையில் சேல்ஸ்மேன். நல்ல மனிதர். குடி இல்லை, சூது இல்லை. அவருக்கு இருக்கும் ஒரே வியாதி, மரியாதை. கல்யாணப் பத்திரிகையில் பெயருக்கு முன்னால் ‘திரு’ இல்லையென்றால் அந்தக் கல்யாணத்துக்கே போகமாட்டார். போன இடத்தில் இரண்டாம் பந்தியில் உட்காரச் சொன்னால் பசியோடு வீட்டுக்கு வந்துவிடுவார். வந்து, புஷ்பாவைச் சமைக்கச் சொல்வார். அவள் சமைத்துக்கொண்டே என்னை ஃபோனில் திட்டுவாள். நான்தானே பார்த்துக் கட்டி வைத்தேன்!

இப்படிப்பட்டவர் ஒரு நாள் பலாபத்வலைக்குப் போக டவுனில் பஸ் ஏறியிருக்கிறார். வெள்ளை வேட்டி, கையில் குடை. கண்டக்டர் அவரை மூட்டையைத் தள்ளுவதுபோல முதுகில் கைவைத்து உள்ளே தள்ளியிருக்கிறார். அவ்வளவுதான். லோகு இறங்கினார். நேராக பஸ்ஸின் முன்பக்கம் போனார். குடையால் ஒரே போடு — பக்கக் கண்ணாடி தூள். தடுக்க வந்த கண்டக்டரின் முழங்கையில் இரண்டாவது போடு. அதிலே அந்த ஆளுக்குக் கை வீங்கிவிட்டது, குடையும் முறிந்துவிட்டது. லோகு இன்றைக்கும் குடையைப் பற்றித்தான் பேசுவார்.

பொலிஸ், கேஸ், கோர்ட். மாப்பிள்ளை குற்றத்தை ஒப்புக்கொண்டார். இவர் பெரிய ரவுடி இல்லை, குடையும் கையுமாக நிற்கிற ஒரு முன்கோபி என்பது நீதவானுக்கு விளங்கியிருக்க வேண்டும். கண்ணாடிக்கும் கைக்கும் நஷ்டஈடு கட்டச் சொன்னார். ஜெயிலுக்குப் பதிலாக நூறு மணித்தியாலம் சம்பளமில்லாத பொதுவேலை என்று தீர்ப்பு. கோவில், பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி மாதிரி ஓர் இடத்தில் கூட்டிப் பெருக்கி, புல் வெட்டி, அந்த மணித்தியாலங்களை முடித்துவிட்டால் விஷயம் தீர்ந்தது. முடிக்காவிட்டால் மறுபடி கோர்ட். அங்கிருந்து ஜெயில்.

நான் இந்த ஏற்பாட்டின் ரசிகன். ஏற்கெனவே காலை நீட்டிப் படுக்க இடமில்லாத ஜெயில்கள் நம்முடையவை. அங்கே கண்ணாடி உடைத்தவனைக் கொண்டுபோய்க் கடை உடைத்தவனுக்குப் பக்கத்தில் படுக்க வைக்கிறோம். சின்னத் தப்புச் செய்தவன் பெரிய தப்புச் செய்தவனிடம் ஓசியில் டியூஷன் படித்துவிட்டு வெளியே வருகிறான். இதற்கு நாமே சாப்பாடும் போடுகிறோம். அதைவிட, ஊருக்குள்ளேயே வைத்து ஊருக்கு உபயோகமாக ஒரு வேலை வாங்குவது எவ்வளவு மேல்?

மேல்தான். ஆனால் அந்தச் சட்டத்தை எழுதியவர்கள் எங்கள் தேயிலைத் தோட்டத்தைப் பார்த்ததில்லை.

இந்த வேலைகளைப் பார்த்துக்கொள்வதற்கென்று ஓர் அரசாங்க ஆபீஸர் இருக்கிறார். சந்திமா மிஸ் என்பார்கள். சின்ன வயது, கண்டிப்பான பெண், ஆனால் மனசு தங்கம். எந்த இடத்தில் வேலை செய்ய உங்களுக்கு வசதி என்று லோகுவிடம் கேட்டிருக்கிறார். டவுனில் ஏதாவது பள்ளிக்கூடத்தைச் சொல்லியிருந்தால் இந்தக் கட்டுரையே இல்லை. லோகு யோசித்தார். டவுனில் என்றால் கடைக்கு வருகிறவர்கள் எல்லோரும் பார்ப்பார்கள். சொந்த ஊரில் என்றால் பங்காளிகள் சிரிப்பார்கள். அதனால் ரொம்பக் கெட்டிக்காரத்தனமாக ஓர் இடத்தைத் தேர்ந்தெடுத்தார்.

பெண்டாட்டி பிறந்த தோட்டம். அங்கே உள்ள மாரியம்மன் கோவில்.

பலாபத்வலைக்கு மேலே, ரோட்டிலிருந்து த்ரீவீலரில் ஏறிப் போக வேண்டிய தோட்டம் அது. நானும் புஷ்பாவும் பிறந்து வளர்ந்த இடம். அம்மா இன்னும் அங்கேதான், தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்தில் இருக்கிறாள். எத்தனை கூப்பிட்டும் டவுனுக்கு வரமாட்டாள். அங்கே லோகுவை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. தோட்டம் முழுக்க அவர் ‘மாப்புள’தான். நம்மை மதிக்கிற ஊரில் வேலை செய்தால் கேவலம் தெரியாது, கஷ்டமும் தெரியாது என்பது அவருடைய கணக்கு.

கோவில் கமிட்டித் தலைவர் மாரிமுத்து அண்ணன். மிஸ் அவருக்கு மட்டும் விஷயத்தைச் சொல்லி, இவரை வேலை வாங்குவது உங்கள் பொறுப்பு என்று ஒப்படைத்தார். அண்ணன் தலையை நன்றாக ஆட்டிவிட்டு ஊருக்குள்ளே போய் வேறு கதை சொன்னார். டவுனில் இருக்கிற நம் மாப்பிள்ளை அம்மனுக்கு நேர்ந்துகொண்டு கோவிலில் சிரமதானம் செய்ய வருகிறார் என்று! மாப்பிள்ளையின் மானத்தைக் காப்பாற்றுகிறாராம்.

முதல் சனிக்கிழமை லோகு பழைய சாரத்தை இடுப்பில் கட்டிக்கொண்டு போயிருக்கிறார். கோவில் வாசலில் அவருக்காக ஒரு பிளாஸ்டிக் கதிரை காத்திருந்தது. பக்கத்தில் ஒரு ஸ்டூல், அதன்மேல் பிளேன்டீ, தட்டு நிறைய வடை. கோவிலுக்குள்ளிருந்து வயர் இழுத்து ஒரு டேபிள் ஃபேன். சுற்றிலும் ஊர்சனம் கூட்டிக்கொண்டிருக்கிறது. சிரமதானம் என்று சொன்னால் வராமல் இருப்பார்களா?

அவர் விளக்குமாறை எடுத்தார். ஓர் அக்கா ஓடிவந்து பறித்துக்கொண்டு போய்விட்டாள். மண்வெட்டியை எடுத்தார். இரண்டு பேர் ஆளுக்கொரு பக்கம் பிடித்து இழுத்தார்கள். வாளியைத் தூக்கினார். அது வழியிலேயே கைமாறிவிட்டது. கடைசியாகக் குனிந்து ஒரே ஒரு சருகைப் பொறுக்கியிருக்கிறார். அதையும் ஒரு பெரியம்மா அவர் விரலிலிருந்து பிடுங்கி, “நீங்க போயி இதெல்லாம் தொடலாமா மாப்புள” என்று கண்கலங்கியிருக்கிறாள். மாரிமுத்து அண்ணனைத் தனியாகக் கூப்பிட்டுக் கெஞ்சினால், ஊர் மாப்பிள்ளையைக் கூட்டச் சொல்ல என் வாய் எப்படி வரும் என்று அவர் திருப்பிக் கேட்கிறார்.

இரண்டாவது சனிக்கிழமைதான் எனக்கு அந்த ஃபோன். அன்றைக்கு சந்திமா மிஸ் நேரில் பார்க்க வருகிறார். லோகு அதுவரை செய்து முடித்த வேலை, எட்டு வடை.

நான் த்ரீவீலர் பிடித்து மேலே போனேன். கோவிலுக்குத் திரும்புகிற முடக்கிலேயே தூக்கிவாரிப் போட்டது. ஒரு பேனர். கல்யாண ஆல்பத்திலிருந்து எடுத்த லோகுவின் படம், நெற்றியில் பட்டை, கழுத்தில் மாலை. ‘ஆலய சிரமதானப் பணிகளை ஆரம்பித்து வைக்கும் எமது தோட்டத்தின் மாப்பிள்ளை அவர்களை வருக வருக என வரவேற்கிறோம்.’ கீழே கமிட்டியின் பெயர். தண்டனை அனுபவிப்பதற்கு பேனர் அடித்துக்கொடுத்த ஊர், இலங்கையிலேயே இது ஒன்றுதான்.

மிஸ் வந்து இறங்கினார். எங்கள் தோட்டத்துப் பழக்கம் உங்களுக்குத் தெரியும். அரசாங்கத்திலிருந்து யார் வந்தாலும் மாலை போட்டுப் பொட்டு வைத்துத்தான் பேச்சே ஆரம்பிக்கும். நுளம்புக்குப் புகையடிக்க வந்தவருக்கே மாலை போட்டவர்கள் நாங்கள். மேளம் முழங்கியது. மிஸ் வேண்டாம் வேண்டாம் என்று கையை ஆட்ட, ஆட்டிய கையையும் சேர்த்து மாலை விழுந்தது. ஒருவருக்கு மட்டும் மரியாதை செய்துவிட்டு மாப்பிள்ளையை விட்டுவிட முடியுமா? அவருக்கு ஒரு பொன்னாடை. லோகு மறுத்துக்கொண்டே எழும்ப, தோளைப் பிடித்து அழுத்திக் கதிரையிலேயே உட்கார வைத்துவிட்டார்கள்.

மிஸ்ஸுக்குத் தமிழ் அவ்வளவாக வராது. பக்கத்தில் நின்ற நான்தான் மொழிபெயர்ப்பு. சிங்களத்தில் அமைதியாகக் கேட்டார்.

“இதில் தண்டனை கிடைத்தவர் யார்?”

“பொன்னாடையோடு கதிரையில் இருக்கிறவர்.”

“அப்படியென்றால் இந்தக் கூட்டிக்கொண்டிருக்கிறவர்கள் எல்லாம்?”

“ஊர் ஆட்கள், மிஸ்.”

“இவர்கள் என்ன குற்றம் செய்தார்கள்?”



மிஸ் கழுத்திலிருந்த மாலையைக் கழற்றி என் கையில் கொடுத்தார். இரண்டு சனிக்கிழமையும் கணக்கில் வராது என்றார். அடுத்த சனிக்கிழமை வருவேன், இவர் தன் கையால் வேலை செய்வதை என் கண்ணால் பார்க்க வேண்டும், இல்லாவிட்டால் கோர்ட்டுக்கு எழுதுவதைத் தவிர எனக்கு வேறு வழியில்லை என்றார். சத்தம் போடவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

அவர் போன பிறகு லோகு கதிரையை விட்டு எழும்பவே இல்லை. பொன்னாடையின் நுனியை விரலில் சுற்றிக்கொண்டு இருந்தார். என்ன மாப்பிள்ளை என்று பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். ஒரு பெயரை மட்டும் சொன்னார்: “ஜெயில் குமார்.”

எங்கள் தெருவில் இருக்கிறவன் குமார். எப்போதோ ஒரு வாய்த்தகராறு, கைகலப்பு, மூன்று மாதம் உள்ளே இருந்துவிட்டு வந்தான். வந்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. நல்லபடியாகத் தச்சு வேலை செய்கிறான், பிள்ளைகள் பெரிதாகிவிட்டார்கள். இன்றைக்கும் அவன் பெயர் ஜெயில் குமார். அவன் வீடு ஜெயில் குமார் வீடு. அவன் மகளைப் பெண் கேட்டு வந்தவர்கள் தெருமுனைக் கடையில் வழி விசாரித்து, வழி தெரிந்ததும் அப்படியே திரும்பிப் போனார்கள். அரசாங்கம் அவனை மூன்று மாதத்தில் விட்டுவிட்டது. நாங்கள் இன்னும் விடவில்லை.

மரியாதை கேட்டுக் கோர்ட்டுக்குப் போனவர், மரியாதை கிடைத்ததால் ஜெயிலுக்குப் போகப் போகிறார். சிரிப்பதா அழுவதா, சொல்லுங்கள்.

லோகு எழும்பினார். பொன்னாடையை மடித்துக் கதிரைமேல் வைத்தார். எல்லோரையும் கூப்பிட்டு, பஸ், குடை, கோர்ட் என்று நடந்ததை ஒன்று விடாமல் சொன்னார். நான் பார்த்த லோகுக்களிலேயே அன்றைய லோகுதான் தைரியசாலி என்பேன். நேர்த்தி எதுவும் இல்லை, இது எனக்குக் கிடைத்த தண்டனை, தயவுசெய்து என்னை வேலை செய்ய விடுங்கள் என்று கைகூப்பினார். 

ஒரு குழந்தை மட்டும் ஃபேனுக்கு முன்னால் நின்று ‘ஆ’ என்று சத்தம் போட்டுக்கொண்டிருந்தது.

கடைசியில் மாரிமுத்து அண்ணன் தொண்டையைக் கனைத்தார். மொத்தம் எத்தனை மணித்தியாலம் என்று கேட்டார். நூறு என்றார் லோகு. அண்ணன் கூட்டத்தை ஒருமுறை சுற்றிப் பார்த்துவிட்டு, இவ்வளவுதானா என்பதுபோல ஒரு சிரிப்புச் சிரித்தார். “கவலப்படாம வீட்டுக்குப் போங்க மாப்புள. நாங்க பாத்துக்குறோம்.”

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதை கேட்டிருப்பீர்கள். இது பூதமே கிணறு வெட்டிய கதை.

அடுத்த சனிக்கிழமை நானும் லோகுவும் புஷ்பாவும் ஒன்றாகவே போனோம். புஷ்பா வழியெல்லாம் கைப்பையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டிருந்தாள். கோவில் வாசலில் இறங்கினோம். ஒரு புல் இல்லை. ஒரு சருகு இல்லை. மதிலுக்கு வெள்ளை அடித்திருக்கிறது. தண்ணீர் ஓடும் கானைச் சுரண்டிக் கழுவியிருக்கிறது. கோவிலுக்கு வரும் படிகளைத் தேய்த்துவிட்டிருக்கிறார்கள். முற்றத்து மண்ணில் விளக்குமாற்றின் கோடுகள் வரிவரியாக ஓடுகின்றன. கோவிலுக்குப் பின்னால் இருந்த பலாமரத்தின் முற்றிய இலைகளைக்கூட, விழுந்துவிடும் என்று பயந்து, கொக்கத்தடி போட்டுப் பறித்துவிட்டார்களாம்.

மாரிமுத்து அண்ணன் எல்லோரையும் வரிசையில் நிறுத்தி வைத்திருந்தார். மிஸ் வந்து இறங்கியதும் பெருமையோடு அறிக்கை கொடுத்தார். நூறு மணித்தியாலமும் முடிந்துவிட்டது. நூறு பேர், ஆளுக்கு ஒரு மணித்தியாலம்.

மிஸ் கொஞ்ச நேரம் கண்ணை மூடிக்கொண்டார். தண்டனையைப் பங்கு போட முடியாது என்று பொறுமையாக விளங்கப்படுத்தினார். நான் மொழிபெயர்த்தேன். அண்ணனுக்கு அது பிடிபடவே இல்லை. அவர் நியாயத்தையும் கேளுங்கள்:

“மலையில ஒருத்திக்கு மேலுக்கு முடியலன்னா, ஆளுக்கு ஒரு கை கொழுந்து அவ கூடையில போட்டு அவ பேர முழுசாக்கிருவோம். அவளுக்கு அரைப் பேரு போட விட்டதே இல்ல. தொரைமாருக்கே தெரியும், தெரிஞ்சும் ஒன்னும் சொன்னதில்ல. கொழுந்துல செய்யலாம், கோர்ட்டுல செய்யக் கூடாதுங்களா?”

தோட்டம் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை: பேர் என்றால் அங்கே ஒரு நாள் சம்பளம். சொன்ன அளவு கொழுந்து பறிக்காவிட்டால் அரைப் பேர்தான். இதை மிஸ்ஸுக்கு விளங்கப்படுத்த எனக்குப் பத்து நிமிஷம் ஆயிற்று. அவர் முகம் கொஞ்சம் இளகியதைப் பார்த்தேன். சமூகத்தைச் சார்ந்த தண்டனை என்று ஆபீஸில் பேசுகிறோம், ஒரு சமூகம் இப்படிச் சாரும் என்று யாரும் சொல்லித்தரவில்லையே என்றார். பிறகு, மறுபடி கண்டிப்பு.

“எனக்கு வேண்டியது சுத்தமான கோவில் இல்லை. இவர் சுத்தம் செய்த கோவில். நான் இங்கேயே காத்திருக்கிறேன். இவர் வேலையை ஆரம்பிக்கட்டும்.”

எங்கே ஆரம்பிப்பது? கூட்டுவதற்கு ஒரு தூசி இருக்கிறதா? லோகு விளக்குமாறைத் தேடினார். இருந்த விளக்குமாறு அத்தனையும் பெண்கள் முதுகுக்குப் பின்னால். அவர் ஒருத்தியிடம் போனால் அவள் அடுத்தவளிடம் கொடுக்கிறாள். வயது நாற்பதைத் தாண்டிய மனிதர், கோவிலைச் சுற்றி விளக்குமாறைத் துரத்திக்கொண்டு ஓடுகிறார். மிஸ் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறார். புஷ்பா கோவில் தூணைப் பிடித்துக்கொண்டு சத்தமில்லாமல் அழுகிறாள். நான் என்ன செய்தேன் என்று கேட்காதீர்கள். நான் அந்த ஆளுக்கு மச்சான். விளக்குமாறை நீட்ட எனக்கும் கை வரவில்லை.

அப்போதுதான் மடப்பள்ளிப் பக்கத்திலிருந்து அம்மா வந்தாள்.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். புஷ்பாவின் கல்யாணம் நடந்த நாளிலிருந்து அம்மா மாப்பிள்ளையிடம் நேராக ஒரு வார்த்தை பேசியதில்லை. கோபம் இல்லை, அதுதான் மரியாதை. அவர் வந்தால் அடுப்படிக்குள் போய்விடுவாள். ‘சாப்பிடச் சொல்லு’, ‘இன்னொரு கரண்டி போட்டுக்கச் சொல்லு’ என்பதெல்லாம் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து வரும். அவர் முன்னால் நிமிர்ந்து நடந்ததுகூட இல்லை.

அந்த அம்மா முற்றத்து நடுவில் நடந்து வருகிறாள். இடுப்பில் ஒரு பெரிய கூடை. கையில் ஈர்க்கு விளக்குமாறு.

கூட்டம் உறைந்துவிட்டது. மாமியார் விளக்குமாறோடு மாப்பிள்ளையை நோக்கி வந்தால் அதற்கு நம் ஊரில் ஒரே அர்த்தம்தான். மாரிமுத்து அண்ணன் வேண்டாம் என்பதுபோலக் கையைத் தூக்கினார். லோகு ஓட்டத்தை நிறுத்திக் கண்ணை இறுக்கிக்கொண்டார், அடி வாங்கத் தயாராகிவிட்டார் என்றுதான் நினைக்கிறேன். மிஸ்கூட ஓர் அடி முன்னால் வந்தார்.

அம்மா கூடையைக் கவிழ்த்தாள். ஊரே ஒரு வாரமாகக் கூட்டிக்கூட்டிக் குழியில் போட்டிருந்த சருகு, பலாயிலை, காய்ந்த பூமாலை, வாழைச்சருகு எல்லாம் அந்தப் பளபளத்த முற்றத்தில் கொட்டின. காலால் அதை நாலாபக்கமும் இறைத்துவிட்டாள். பிறகு விளக்குமாறைக் கீழே வைத்து, தள்ளி, மாப்பிள்ளையின் காலடிக்கு நகர்த்தினாள். கையில் கொடுக்க அவளாலும் முடியவில்லை. ஆனால் பேசினாள்.

“எடுங்க மாப்புள. கூட்டுங்க. எம் மகள ஜெயில் வாசல்ல கொண்டுபோயி நிக்க வச்சிராதீங்க.”

லோகு குனிந்து விளக்குமாறை எடுத்தார்.

அடுத்து நடந்ததை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். மாப்பிள்ளை கூட்டுவதை ஊர் பார்த்துக்கொண்டு நிற்க முடியுமா? தடுக்கவும் முடியாது, அம்மா நிற்கிறாள். மாரிமுத்து அண்ணன்தான் முதலில் திரும்பினார். அவரைப் பார்த்து மற்றவர்களும். அந்த நூறு பேரும், கைக்குழந்தைகளோடு, மேளக்காரர்களோடு, அப்படியே முதுகைக் காட்டிக்கொண்டு தேயிலை மலையைப் பார்த்து நின்றார்கள். ஒருவர் பேசவில்லை, ஒருவர் திரும்பவில்லை. நடுவில் சரக் சரக் என்று லோகு கூட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது.

இவர்கள் எல்லோரும் அங்கே எதைப் பார்க்கிறார்கள் என்று மிஸ் என் காதருகே கேட்டார். ஒன்றையும் பார்க்கவில்லை மிஸ், அவர் கூட்டி முடிக்கும்வரை அவரைப் பார்க்காமல் இருக்கிறார்கள் என்றேன். மிஸ் கொஞ்ச நேரம் லோகுவைப் பார்த்தார். பிறகு என்ன நினைத்தாரோ, தனக்கு ஃபோன் வந்ததுபோல அவரும் அரைவாசி திரும்பிக்கொண்டார். அவர் ஃபோன் கைப்பைக்குள்தான் இருந்தது.

நானும் திரும்பிவிட்டேன். என் தங்கை புருஷன் கூட்டுவதைப் பார்க்க எனக்கும் மனசு வரவில்லை. கண் நிறைந்துவிட்டது என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

திரும்பாமல் நின்றது அம்மா ஒருத்திதான். கொஞ்ச நேரத்தில் அவள் குரல் மறுபடி கேட்டது.

“அந்த மூலையில கெடக்கு பாருங்க.”

அதோடு ஆரம்பித்தது. இத்தனை வருஷமாகச் சுவருக்குப் பின்னால் சேர்த்து வைத்திருந்த பேச்சு அத்தனையும் அடுத்தடுத்த சனிக்கிழமைகளில் வெளியே வந்தது. விளக்குமாறை இப்படிப் பிடிக்கக்கூடாது. காற்றுக்கு எதிரே கூட்டக்கூடாது. தண்ணீர் தெளித்துவிட்டுக் கூட்ட வேண்டும். கான் கழுவும்போது ஆரம்பித்து, புஷ்பாவை ஏன் போன வருஷம் திருவிழாவுக்கு அனுப்பவில்லை என்பதில் போய் முடியும். கல்யாண வீட்டிலிருந்து பசியோடு திரும்பி வந்த கதைகளுக்கும் விசாரணை நடந்தது. ஜெயிலில் இருந்திருந்தால்கூட இவ்வளவு குறுக்குவிசாரணை வந்திருக்காது என்று லோகு என்னிடம் முனகினார். ஆனால் ஒரு சனிக்கிழமையும் தவறவில்லை. ஊரும் தவறவில்லை. அவர் விளக்குமாறை எடுத்தால் யாராவது இருமுவார்கள், மற்றவர்கள் மலைப்பக்கம் திரும்பிவிடுவார்கள். 

போன சனிக்கிழமையோடு நூறு மணித்தியாலமும் முடிந்தது. மிஸ் வந்து, சரி, இனி நீங்கள் வரத்தேவையில்லை என்றார். ஊர் முழுதும் ஒரே நேரத்தில் முன்பக்கம் திரும்பிச் சிரித்தது. மாரிமுத்து அண்ணன் ஒரு பொன்னாடையோடு தயாராக நின்றார். மிஸ் அவரை ஒரு பார்வை பார்த்தார். அவர் அதை மடித்து அம்மனுக்கே சாத்திவிட்டார்.

மத்தியானச் சாப்பாடு அம்மாவின் லயத்தில். லோகு கைகால் கழுவிக்கொண்டு உள்ளே வந்தார். இத்தனை சனிக்கிழமை பேசிப் பழகிவிட்ட தைரியத்தில், “மாமி, இன்னைக்கு அந்த மூலையெல்லாம் சரியா கூட்டுனேனா?” என்று சிரித்துக்கொண்டே கேட்டார்.

அம்மா தலைமுந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு அடுப்படிக்குள் போய்விட்டாள். லோகுவின் முகம் விழுந்துவிட்டது. நான் பின்னாலேயே போய், என்னம்மா இது, இவ்வளவு நாள் நன்றாகப் பேசினாயே, அவர் மேல் ஏதும் கோபமா என்று கேட்டேன். அம்மா குழம்பைக் கிண்டிக்கொண்டே என்னை விவரங்கெட்டவனைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.

“தண்டனதான் முடிஞ்சிருச்சில்ல. இனி அவரு நம்ம வீட்டு மாப்புள. நான் எப்புடி நேருக்கு நேரா பேசுறது?” என்றவள், சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கும்படியாகக் குரலைக் கொஞ்சம் உயர்த்தினாள். “புஷ்பா, மாப்புளைய கதிரையில ஒக்காரச் சொல்லு.”

கோர்ட் விடுதலை செய்தால் போதாது... மாமியாரும் விடுதலை செய்ய வேண்டும்.